அழகர்மலைக் குரங்கும் பச்சை உடம்புக்காரியும்

சென்ற வாரம் ஒரு கூட்டத்தில் தொழிலதிபர் ஒருவர், பெண்களுக்கு மகப்பேறு விடுப்பு எதற்கு என்று பேசிய காணொளியை நீங்கள் பார்த்திருப்பீர்கள். பார்க்காதவர்களுக்கும் ஏதாவதொரு குடும்ப வாட்ஸ்அப் குழுவில் வந்து சேர்ந்திருக்கும். அழகர்கோயில் மலைப்பாதையில் வயிற்றைக் கட்டிக்கொண்ட குட்டியோடு தாவும் தாய்க்குரங்கின் படத்தைத் திரையில் போட்டு, "இதற்கு யார் பேறுகாலம் பார்த்தார்கள், இதற்கு யார் ஆறு மாதம் விடுப்புக் கொடுத்தார்கள்?" என்று கேட்டார். தாய்வீட்டுக்குக்கூடப் போகாமல் தனியாகப் பிள்ளை வளர்க்கும் தாய் என்று அதைப் புகழ்ந்தார். அரங்கம் கைதட்டியது. முன்வரிசைப் பெண்களும் தட்டினார்கள் என்பதுதான் என்னை எழுத உட்காரவைத்தது.

விலங்கியல் பாடம் நடத்திப் பிழைக்கிறவள் என்பதால் முதலில் குரங்கின் பக்கம் பேசிவிடுகிறேன், அதற்கும் அன்று அநியாயம் நடந்தது. படத்தில் இருந்தது நம் ஊர்ப்பக்கம் காணும் 'நாட்டுக் குரங்கு' என்ற இனம். அந்த இனத்தில் பெண் தான் பிறந்த கூட்டத்திலேயே வாழ்ந்து முடிக்கிறது. வளர்ந்ததும் வெளியேறிப் போவது பெரும்பாலும் ஆண்தான். ஆகவே அந்தத் தாயைச் சுற்றி அதன் தாயும் அக்கா தங்கைகளும் இருப்பார்கள், புதுக்குட்டியைத் தொட்டுப் பார்க்கவும் தூக்கிப் பார்க்கவும் மற்றப் பெண்குரங்குகள் போட்டி போடும். தாய்வீட்டுக்குப் போகாத தாய் என்று அவர் புகழ்ந்தது, தாய்வீட்டை விட்டே போகாத ஒரு பிராணியை.

இனி மனுஷியின் பக்கம். நம் வாலில்லாக் குரங்கு மூதாதையரின் கிளை அந்தக் குரங்கின் கிளையிலிருந்து பிரிந்து ஏறத்தாழ இரண்டரைக் கோடி ஆண்டுகள் ஆகின்றன. குரங்குக் குட்டி பெரும்பாலும் தாயின் முகத்தைப் பார்த்தபடி பிறக்கிறது. தாயே கைநீட்டி எடுத்துக்கொள்ளும், குட்டியும் உடனே ரோமத்தைப் பற்றிக்கொள்ளும். நம் பிள்ளையோ இடுப்பெலும்புக்குள் திரும்பித் திரும்பி, பெரும்பாலும் தாயின் முதுகுப்புறம் பார்த்தபடி வருகிறது. தாயே பிடித்து இழுத்தால் அதன் முதுகு பின்பக்கமாக வளையும். கேரன் ரோசன்பர்க், வெண்டா டிரெவாத்தன் என்ற இரு மானுடவியலாளர்கள் இதைத்தான் சுட்டிக்காட்டினார்கள்: மனிதப் பிரசவத்துக்கு இன்னொருத்தியின் கை வேண்டியிருந்தது, மருத்துவச்சி நேற்று வந்தவள் அல்ல. பிறந்த பிள்ளையின் மூளையும் வளர்ந்தவர் மூளையில் 30 சதவீதத்தை எட்டியிருக்காது. சிம்பன்சிக் குட்டிக்கு அது 40 சதவீதம் வரை இருக்கும். இடுப்பு குறுகியதுதான் காரணம் என்று 1960இல் மானுடவியலாளர் ஷெர்வுட் வாஷ்பர்ன் சொன்னார். தாயின் உடம்பால் அதற்குமேல் சக்தி கொடுத்துத் தாங்க முடியாததே காரணம் என்று 2012இல் மானுடவியலாளர் ஹோலி டன்ஸ்வொர்த் குழுவினர் வாதிட்டார்கள். வழக்கு எப்படி முடிந்தாலும் பிள்ளை அரைகுறையாகத்தான் வந்து சேர்கிறது. இப்படிப்பட்ட பிள்ளையை ஒருத்தி தனியாக வளர்க்க நம் இனத்தின் உடம்பு அமையவே இல்லை.

"சிம்பன்சி தனியாகத்தானே வளர்க்கிறது" என்று கேட்பீர்கள். வளர்க்கிறது, ஆனால் ஒரு குட்டிக்கும் அடுத்ததற்கும் இடையே ஐந்தாறு ஆண்டுகள் ஆகும். ஒராங்குட்டானுக்கு ஏழெட்டு ஆண்டுகள். வேட்டையாடிக் கிழங்கு தோண்டிப் பிழைக்கும் மனிதக் கூட்டங்களில்கூட இடைவெளி மூன்று நான்கு ஆண்டுகள்தான். முன்னது தன் சோற்றைத் தேடிக்கொள்ளும் முன்பே அடுத்தது வந்துவிடும். இது எப்படி முடிந்தது? டான்சானியாவில் அப்படிப் பிழைக்கும் ஹட்சா மக்களிடையே மானுடவியலாளர் கிறிஸ்டன் ஹாக்ஸ் கண்டது இதற்கு விடை: தாய் கைக்குழந்தையோடு இருக்கும்போது, பால்குடி மறந்த மூத்த பிள்ளையின் உடம்பு தேறுவது பாட்டி தோண்டிவரும் கிழங்கைப் பொறுத்திருந்தது. மாதவிடாய் நின்ற பிறகும் மனுஷி நெடுங்காலம் வாழ்வது இந்தப் பாட்டி வேலையால்தான் என்பது அவர் வாதம். உகாண்டாச் சிம்பன்சிகளிலும் மாதவிடாய் நிற்கும் வயதைத் தாண்டி வாழும் கிழவிகள் உண்டு என்று 2023இல் வெளியான ஆய்வை யாராவது நீட்டலாம். நீட்டுங்கள். அங்கே மகள்கள் பெரும்பாலும் வேறு கூட்டத்துக்குப் போய்விடுகிறார்கள், மகள் வயிற்றுப் பேரனைத் தூக்க அந்தக் கிழவிக்கு வாய்ப்பு குறைவு. பரிணாமமே பொய் என்பவர்களோடு இன்று பேசுவதாக இல்லை.

என் மகள் பிறந்தபோது என் அம்மா உயிரோடு இல்லை. கணவருக்கு வெளியூர் வேலை. கீழ்வீட்டு அப்பத்தா ஒருவர், எனக்கு எந்த உறவும் இல்லாதவர், தினமும் படியேறி வந்து, சேலையை முழங்காலுக்கு மேல் செருகிக்கொண்டு, கால்களை நீட்டி உட்கார்ந்து, முழங்கையால் வெந்நீரின் சூடு பார்த்து, பிள்ளையைக் கால்மேல் குப்புறப் போட்டுக் குளிப்பாட்டுவார். அந்த நேரத்தில் நான் தூங்குவேன். "ஒரு பிள்ளைக்கே இவளுக்கு ஆள் வேண்டியிருக்கு" என்று என் காதுபட உறவினர் ஒருவர் சொன்னதை நான் மறக்கவில்லை, மறப்பதாகவும் இல்லை.

"அந்தக் காலத்தில் வயலில் பெற்றுப்போட்டு மறுவாரமே களையெடுக்கப் போனார்கள்" என்று எழுதத் துடிப்பவர்களுக்கு: மேலூர்ப் பக்கம் என் அம்மாச்சி அப்படிப் போனவர்தான். அவர் களையெடுக்கப் போனபோது தம்பி தங்கைகளை இடுப்பில் சுமந்தது என் பெரியம்மா. பள்ளிக்கூட வாசலை மிதிக்காத பெரியம்மா, வங்கியில் இன்றைக்கும் கைநாட்டு. அம்மாச்சி தனியாளாக வளர்த்தார் என்ற வீரக்கதையில் அந்தச் சிறுமியை எங்கே ஒளித்துவைத்தீர்கள்? தனியாக வளர்க்கும் தாய்மார் இல்லையா என்றால், இருக்கிறார்கள். அவர்களைக் கேளுங்கள், விருப்பப்பட்டா அப்படி வளர்க்கிறோம் என்று சொல்வார்கள்.

"ஆண் உடம்பு பிள்ளை வளர்ப்புக்கு ஆனதில்லை" என்ற வாதமும் வரும். மார்மோசெட் என்னும் சிறு குரங்கினத்தில் பிறக்கும் இரட்டைக் குட்டிகளைத் தகப்பன் முதுகில் சுமந்து திரிகிறது. பிலிப்பைன்ஸின் செபூ நகரில் நடந்து 2011இல் வெளியான ஆய்வில், தகப்பனான ஆண்களுக்கு டெஸ்டோஸ்டிரோன் என்ற ஆண் ஹார்மோன் இறங்கியது, பிள்ளையைக் கூடுதலாகக் கவனித்தவர்களுக்கு அது இன்னும் குறைவாக இருந்தது. உடம்பு தயாராகத்தான் இருக்கிறது ஐயா, உடம்புக்குச் சொந்தக்காரர்தான் கைப்பேசியில் இருக்கிறார்.

கடைசியாக ஒன்று. மகப்பேறு நலச் சட்டத்தில் 2017இல் கொண்டுவரப்பட்ட விதிப்படி, 50 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் நிறுவனத்தில் குழந்தைகள் காப்பகம் இருக்க வேண்டும். தாய் ஒரு நாளில் நான்கு முறை அங்கே போய்வரலாம். உங்கள் நிறுவனத்தில் காப்பகம் எந்த மாடியில் இருக்கிறது என்று அந்தத் தொழிலதிபரின் காணொளியின் கீழ் மரியாதையாகத்தான் கேட்டேன். கேள்வியை நீக்கி, என்னையும் தடுத்துவிட்டார்கள். அங்கே வேலை பார்க்கும் யாராவது இதைப் படித்தால் பதிலை உள்பெட்டியில் அனுப்புங்கள், உங்கள் பெயரை வெளியிட மாட்டேன்.