ஆக எவ்வளவு என்று கேட்டது குற்றமா?

ஞாயிற்றுக்கிழமை காரைக்குடி செக்காலைப் பக்கத்து மண்டபத்தில் நடந்த வீட்டுக் கடன் முகாமில் நான் எழுந்து நின்று கேட்ட கேள்வியின் வீடியோவை உங்களில் பலர் பார்த்துவிட்டீர்கள். நாற்பது விநாடிதான் ஓடுகிறது. அதற்குள் என்னைப் பற்றி ஒரு முடிவுக்கும் வந்துவிட்டீர்கள். நல்ல காரியம் நடக்கிற இடத்தில் அபசகுனமாகப் பேசிவிட்டேன் என்று ஒருவர் எழுதியிருக்கிறார். சொந்த வீட்டில் உட்கார்ந்துகொண்டு அடுத்தவன் வீடு வாங்குவதைப் பொறுக்க முடியாதவள் என்று இன்னொருவர். இரண்டாமவர் என் தெருக்காரர். என் வீட்டு விசேஷங்களில் பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டவர். அந்த வரியைப் படித்த பிறகு இரண்டு நாள் எனக்குச் சோறு இறங்கவில்லை. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

நான் கேட்டது ஒரே கேள்வி. ஆக மொத்தம் எவ்வளவு?

மேடையில் நின்ற தம்பி, 30 லட்சம் கடனுக்கு 8.5 சதவீத வட்டியில் 30 ஆண்டுக்கு மாதம் 23,067 ரூபாய்தான் என்றார். வாடகை நீர்மேல் எழுத்து, தவணை கல்மேல் எழுத்து என்றார். மண்டபமே கைதட்டியது. அப்போதுதான் எழுந்து கேட்டேன். அவர் மறுபடியும் 23,067 என்றார். நானும் மறுபடி கேட்டேன். "மாதக் கணக்கைப் பாருங்கள் அம்மா, மலைப்பே வராது" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். வீடியோ அந்தச் சிரிப்போடு முடிகிறது.

அவர் சொல்லாத தொகையை நான் சொல்கிறேன். 23,067ஐ 360 மாதத்தால் பெருக்குங்கள். 83 லட்சத்து 4 ஆயிரம் வருகிறது. வாங்கியது 30 லட்சம், வட்டி மட்டும் 53 லட்சம். அதே கடனை 20 ஆண்டில் அடைப்பதாக இருந்தால் தவணை 26,035. மொத்தம் 62 லட்சத்து 48 ஆயிரம். மாதம் 2,968 ரூபாய் குறைவாகக் கட்டுகிறோம் என்ற நிம்மதிக்காக 20 லட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கொடுக்கிறோம். இந்த இரண்டு எண்களையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிக் காட்டியிருந்தால் அந்த மண்டபத்தில் எத்தனை கை தட்டியிருக்கும்?

என் அப்பா இந்த ஊரில் ஒரு செட்டியார் வீட்டில் கணக்குப்பிள்ளையாக இருந்தவர். கடன் கேட்டு யாராவது முகப்பில் வந்து நின்றால், அவர் முதலில் ஒரு துண்டுத் தாளை எடுப்பார். மேலே அசல். அதன்கீழ் கெடு வரைக்குமான வட்டி. அதற்கும் கீழே ஒரு கோடு இழுத்து "ஆக" என்று எழுதித் தொகையைப் போடுவார். போட்ட பிறகு தாளைத் திருப்பி, வந்தவர் பக்கமாக நகர்த்துவார். எழுதப் படிக்கத் தெரியாதவராக இருந்தால் வாய்விட்டு வாசிப்பார். அந்த ஆகத் தொகையை வந்தவர் தன் வாயால் ஒருமுறை சொன்ன பிறகுதான் கையெழுத்தோ கைநாட்டோ. தாளைப் பார்த்துவிட்டுக் கடன் வேண்டாம் என்று திரும்பிப் போனவர்களைச் சிறுவயதில் நானே பார்த்திருக்கிறேன். அதற்காக அப்பாவை யாரும் அபசகுனம் என்று சொன்னதில்லை.

வட்டித்தொழில் செய்து பிழைத்த ஊர்க்காரி வட்டியைப் பற்றிப் பேசலாமா என்றும் ஒரு கேள்வி வந்திருக்கிறது. நான் வட்டி வாங்கிய வீட்டுப் பெண் இல்லை, அதற்குக் கணக்கு எழுதிய வீட்டுப் பெண். ஆனால் ஊர்க்காரி என்ற முறையில் பதில் சொல்கிறேன். 1937இல் எம்.சிடி.எம். சிதம்பரம் செட்டியார் இந்தியன் ஓவர்சீஸ் வங்கியைத் தொடங்கியபோது காரைக்குடி, சென்னை, ரங்கூன் மூன்று இடத்திலும் ஒரே நாளில் கிளை திறந்தார். அப்படிப்பட்ட ஊர் இது. அதே 1937 வாக்கில் கீழ் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் கால் பங்கு நிலம், அங்கே வட்டிக்குக் கொடுத்த இந்தப் பக்கத்துச் செட்டிமார் கைக்கு வந்திருந்தது. விரும்பி வாங்கிய நிலம் இல்லை அது. உலகப் பெருமந்தத்தில் நெல் விலை விழுந்து, உழுதவனால் கடனைக் கட்ட முடியாமல் போனதால் வந்து சேர்ந்த நிலம். பிறகு போர் வந்தது, ஜப்பான்காரன் வந்தான், நிலமும் போயிற்று, பணமும் போயிற்று. கடன் கொடுத்தவனும் அழுதான், வாங்கியவனும் அழுதான். இந்தக் கதையைக் கேட்டு வளர்ந்த ஊரில் வட்டியைப் பற்றிக் கேள்வி கேட்கக்கூடாது என்றால் வேறு எந்த ஊரில் கேட்பது?

சரி, வாடகைக்கு வருகிறேன். வாடகை கொடுத்தால் பணம் திரும்பி வராது என்கிறீர்கள். உண்மைதான். அந்த 20 ஆண்டுக் கடனில் முதல் மாதம் கட்டும் 26,035 ரூபாயில் வட்டி எவ்வளவு தெரியுமா? 21,250. அசலில் கழிவது 4,785. அந்த 21,250 ரூபாய் மட்டும் திரும்பி வருமா? என் வீட்டுக்கு எதிர்வீட்டில் ஒரு குடும்பம் 9,000 ரூபாய் வாடகைக்கு இருக்கிறது. அவர்கள் பணத்தை வீணடிக்கிறார்கள், மாதம் 21,250 ரூபாய் வட்டி கட்டுகிறவர் சேமிக்கிறார் என்றால் அதை எந்தப் பேரேட்டில் எழுதுவது? ஐந்து ஆண்டு விடாமல் கட்டிய பிறகு கணக்கைப் பாருங்கள். கட்டியது 15 லட்சத்து 62 ஆயிரம். அசலில் குறைந்தது 3 லட்சத்து 56 ஆயிரம். தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவதற்கு ஏறக்குறைய 12 ஆண்டு ஆகிறது. பெண்குழந்தை பிறந்தபோது வாங்கிய கடன் என்றால், அவள் ஆறாம் வகுப்பை முடிக்கும்வரை தவணையின் பெரும்பகுதி வட்டிக்குத்தான்.

இதுகூட வட்டி விகிதம் அப்படியே இருந்தால்தான். பெரும்பாலான வீட்டுக் கடன் மாறும் வட்டிக் கடன். என் தம்பி தேவகோட்டைப் பக்கம் உதவிபெறும் பள்ளி ஒன்றில் ஆசிரியர். 2021 மார்ச்சில் 20 லட்சம் வாங்கினான். 6.9 சதவீதம், 240 தவணை, மாதம் 15,386. அப்போது ரெப்போ விகிதம், அதாவது மற்ற வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் கொடுக்கும் வட்டி, 4 சதவீதத்தில் இருந்தது. 2022 மே மாதம் ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் 6.5க்குப் போய்விட்டது. தவணை மாறவில்லை, அதனால் அவன் கவலைப்படவும் இல்லை. 2022 கடைசியில் வருமான வரிக்காகக் கணக்கு அறிக்கை எடுத்துக்கொண்டு என் வீட்டுக்கு வந்தான். கூடத்துத் திண்டில் சாய்ந்து காபி குடித்துக்கொண்டிருந்தான். நான் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படித்தேன். மீதித் தவணை என்ற இடத்தில் 345 என்று இருந்தது. இருபது தவணை கட்டியாயிற்று, 220 இருக்க வேண்டும். அச்சுப் பிழை என்று நினைத்தான். நான் கணக்குப் போட்டுக் காட்டினேன். பிழையே இல்லை. வட்டி ஏறியதற்கெல்லாம் சேர்த்துக் காலத்தை நீட்டியிருக்கிறார்கள். அவனுக்கு அப்போது வயது 41. கடைசித் தவணை கட்டும்போது ஏறத்தாழ 70. ஓய்வு பெறுவது 60இல். 2023 தொடக்கத்தில் ஒரு மாதம் அவன் கட்டிய 15,386 ரூபாயில் அசலுக்குப் போனது 300 ரூபாய்க்கும் குறைவு. இனி நீட்ட முடியாது என்ற நிலை வந்ததும் தவணையை 18,400க்கு மேல் ஏற்றினார்கள். என் தம்பி மனைவியின் ஆரம் அந்த மாதம் அடகுக்குப் போனது. இன்னும் திரும்பவில்லை.

வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில்தான் உத்தரவு போட்டது. என் தம்பியை யாரும் கேட்கவில்லை. 2025இல் வட்டி இறங்கியதே என்று சொல்லாதீர்கள். இறங்கியது, சந்தோஷம். ஏறிய காலத்தில் கட்டிய வட்டியை யாரும் திருப்பித் தரவில்லை.

நிலத்தின் விலை ஏறும் என்கிறார்கள். ஏறலாம். எங்கள் ஊரில் பர்மாத் தேக்கும் ஆத்தங்குடிக் கல்லும் போட்டுக் கட்டிய வீடுகளைப் பாருங்கள். எத்தனை வீட்டில் பங்காளிகள் கூடி முடிவெடுக்க முடியாமல் பூட்டுத் துருப்பிடித்துக் கிடக்கிறது? முனீஸ்வரன் கோயில் தெருப் பழம்பொருள் கடைகளில் தூணும் கதவும் தனித்தனியாக விற்கிறது. வீட்டின் மதிப்பு விற்கும்போதுதான் பணம். குடியிருக்கும் வீட்டை விற்றுவிட்டு எங்கே போய்ப் படுப்பது?

இருபது ஆண்டு கழித்து 26,000 ரூபாய்க்கு என்ன மதிப்பு இருக்கும், பணவீக்கத்தைக் கணக்கில் எடுக்கவில்லையே என்று மதுரையிலிருந்து ஒரு தம்பி மரியாதையாக எழுதியிருக்கிறார். அது நியாயமான கேள்வி. ஆண்டுதோறும் சம்பளம் ஏறுகிறவருக்கு அது பொருந்தும். இந்த ஊரில் பாத்திரக் கடையிலும் பலகாரக் கடையிலும் நிற்கிறவருக்கு அப்படி ஏறுகிறதா என்று அவர் வந்து பார்க்கட்டும். வரிச்சலுகை என்று சொன்னவர்களுக்கு ஒரே வரி: புதிய வரி முறையில் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவு கிடையாது, பழைய முறையிலும் ஆண்டுக்கு 2 லட்சம்தான் உச்சவரம்பு.

வீடே வாங்காதே என்றா சொல்கிறீர்கள் என்று கோபிக்கிறீர்கள். எங்கே சொன்னேன்? அந்த நாற்பது விநாடியைத் திரும்பப் போட்டுப் பாருங்கள். ஆக எவ்வளவு என்றுதான் கேட்டேன். பத்திரப்பதிவுக்கு முத்திரைத் தீர்வையும் கட்டணமுமாக 9 சதவீதம் போகும் என்று மேடையில் சொன்னார்களா? காப்பீட்டுப் பிரீமியம் ஒரு லட்சத்தைக் கடனோடு சேர்த்தால் 20 ஆண்டில் அந்த ஒரு லட்சம் 2 லட்சத்து 8 ஆயிரமாகத் திரும்பும் என்று சொன்னார்களா? 2024 அக்டோபர் முதல் எல்லாச் செலவும் சேர்ந்த உண்மையான ஆண்டு விகிதத்தையும் தவணை அட்டவணையையும் முக்கிய விவர அறிக்கையாகக் கொடுத்தே ஆக வேண்டும், அதுவும் வாங்குகிறவருக்குப் புரியும் மொழியில். தமிழில் கொடுங்கள் என்று கேட்க யாருக்காவது சொல்லிக்கொடுத்தார்களா? மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் தனிநபரிடம் வங்கி அபராதம் வாங்கக் கூடாது என்பது 2012இலிருந்து விதி. ஆண்டுக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் 20 ஆண்டுக் கடன் 17 ஆண்டுக்குள் முடிந்துவிடும். இதைச் சொல்ல இரண்டு நிமிடம் போதும். ஆத்தங்குடிக் கல் மாதிரியைக் காட்டுவதற்கு அரை மணி நேரம் எடுத்துக்கொண்டார்கள்.

இவ்வளவு கோபம் ஏன் என்று என் மகளும் கேட்டாள். அவளிடம் சொன்னதை இங்கேயும் சொல்லிவிடுகிறேன்.

நான் கூட்டுறவுச் சங்கம் ஒன்றில் கடன் பிரிவில் 22 ஆண்டு வேலை பார்த்தவள். 1998இல் ஒரு தச்சர் வந்தார். வலது கட்டைவிரலில் உளி பட்ட தழும்பு, நகமே கோணியிருக்கும். ஒன்றரை லட்சம் கடன், 15 ஆண்டு. படிவத்தில் கையெழுத்துப் போடும் முன் நிமிர்ந்து, "எல்லாம் கட்டி முடிக்கையில் ஆக எவ்வளவு வரும் அம்மா?" என்று கேட்டார். அப்பாவின் மகள் நான். துண்டுத் தாள் என் மேசையில்தான் இருந்தது. வரிசையில் இன்னும் எட்டுப் பேர் நின்றார்கள். "மாதம் ரெண்டாயிரத்துக்கு உள்ளேதான் அண்ணே, கட்டிவிடலாம்" என்றேன். அவரும் கையெழுத்துப் போட்டார்.

ஒரு தவணை தவறாமல் கட்டினார். பத்திரத்தைத் திரும்ப வாங்க வந்த அன்று மஞ்சள் பையிலிருந்து ரசீதுகளை எடுத்து மேசையில் வைத்தார். ஆண்டு வாரியாகச் சணலில் கட்டிய பதினைந்து கட்டு. கூட்டிச் சொல்லச் சொன்னார். கூட்டினேன். மூன்று லட்சத்து நாற்பதாயிரத்தைத் தாண்டியது. அவர் அந்தத் தாளைக் கையில் வாங்கவில்லை. "இரண்டாவது பெண்ணைப் படிக்க வைத்திருப்பேனே அம்மா" என்று மட்டும் சொன்னார். திட்டவில்லை. பத்திரத்தை வேட்டி மடிப்பில் செருகிக்கொண்டு, ரசீதுகளை மேசையிலேயே விட்டுவிட்டுப் போனார்.

அவர் கேட்டதைத்தான் நான் ஞாயிற்றுக்கிழமை கேட்டேன். பந்தியில் சாப்பிட்ட தெருக்காரர் இதை வயிற்றெரிச்சல் என்கிறார்.

வீடியோவில் வராத ஒன்றும் நடந்தது. கூட்டம் முடிந்து செருப்பைத் தேடிக்கொண்டிருந்தபோது, கைக்குழந்தையோடு ஒரு பெண் பக்கத்தில் வந்து, "அத்தை, அந்தக் கணக்கை எனக்கு எழுதித் தருகிறீர்களா?" என்று மெதுவாகக் கேட்டாள். அவர்கள் கொடுத்த வண்ணத் தாளின் பின்பக்கம் வெள்ளையாக இருந்தது. அசலை எழுதினேன், வட்டியை எழுதினேன், கோடு இழுத்து ஆகத் தொகையையும் எழுதிக் கொடுத்தேன். தூரத்தில் கணவன் கூப்பிட்டான். அவள் தாளை நாலாக மடித்துக் குழந்தையின் சட்டைப்பைக்குள் வைத்தாள்.

அடுத்த மாதம் இதே முகாமைத் தேவகோட்டையில் நடத்தப் போகிறார்களாம். நான் போவேன். தம்பியையும் அவனுடைய கணக்கு அறிக்கையோடு அழைத்துப் போகிறேன். முன்வரிசையில் உட்காருவோம்.