லெபனான் போனவரின் வீட்டுக்கு என்ன தேவை?

என் அண்ணன் மலேசிய ராணுவ வீரர், இப்போது லெபனானில் பணியில் இருக்கிறார். அங்கே குண்டு விழுந்தது என்று செய்தி வந்தால் போதும், கோலாலம்பூர் செந்தூலில் என் அண்ணியின் கைப்பேசி ஓயாமல் அடிக்கும். "அவர் பத்திரமாக இருக்கிறாரா?" என்று சொந்தம் முழுக்கக் கேட்கும். நல்ல மனதோடுதான் கேட்கிறார்கள். ஆனால் அண்ணன் அழைக்கும்வரை அண்ணிக்கும் ஒன்றும் தெரியாது. ஒவ்வொருவரிடமும் "தெரியவில்லை" என்று சொல்லச் சொல்ல அவருடைய பயம்தான் ஏறுகிறது. தயவுசெய்து அன்றைக்கு அழைக்காதீர்கள். சோறும் குழம்பும் கொண்டுபோய்க் கொடுங்கள். பிள்ளைகளைப் பள்ளியிலிருந்து அழைத்து வாருங்கள்.

2007 முதல் மலேசிய வீரர்கள் ஐ.நா. அமைதிப்படையில் தென் லெபனானுக்குப் போய்வருகிறார்கள். ஒரு பிரிவு போனால் திரும்ப ஏறக்குறைய ஓராண்டு ஆகும். "சண்டைக்கா போயிருக்கிறார், அமைதிப்படைதானே" என்று சிலர் ஆறுதல் சொல்கிறார்கள். 2024 நவம்பரில் லெபனானின் சைடா நகரம் அருகே தாக்குதல் நடந்தபோது, புதிதாகப் போய் இறங்கிய நம் வீரர்கள் சிலர் வழியிலேயே காயமடைந்தார்கள். அண்ணிக்கு அது நன்றாகத் தெரியும்.

ராணுவக் குடியிருப்பில் வாழ்பவர்களுக்கு ஒரு துணை உண்டு. எதிர்வீட்டுப் பெண்ணின் கணவரும் அதே பிரிவில் இருப்பார், பாக்காட் என்னும் ராணுவக் குடும்ப நல அமைப்பும் பக்கத்திலேயே இருக்கும். அடுக்குமாடியில் என் அம்மாவைப் பார்த்துக்கொண்டு, வேலைக்கும் போய்வரும் அண்ணிக்கு நாம்தான் அந்த அக்கம்பக்கம். அவரிடம் "ராணுவ வீரரின் மனைவி தைரியமாக இருக்க வேண்டும்" என்று சொல்வது எனக்குக் கோபத்தை வரவழைக்கிறது. அதைக் கேட்டுக் கேட்டே அவர் உதவி கேட்பதை நிறுத்திவிட்டார். காருக்குச் சாலை வரி கட்டுவது, அம்மாவை மருத்துவமனைக்கு அழைத்துப்போய் வரிசையில் உட்காருவது, இவற்றில் ஒன்றையாவது யாராவது கேட்காமலே எடுத்துச் செய்திருக்கலாம்.

அங்கே நேரம் நமக்கு ஐந்தாறு மணி பின்னால். அண்ணன் பணி முடித்து அழைக்கும்போது பிள்ளைகள் தூங்கிவிடுகிறார்கள். அதனால் குரல் பதிவு அனுப்புகிறார். காலையில் சீருடை மாட்டிக்கொண்டே கேட்கிறார்கள். பதில் பேச சின்னவனுக்கு வெட்கம். அப்பா வீட்டுக்கு வந்தாலும் கொஞ்ச நாள் அம்மாவின் பின்னால்தான் ஒளிவான் என்று நினைக்கிறேன்.

ஆகவே உறவினர்களிடம் இப்போதே கேட்டுக்கொள்கிறேன்: அண்ணன் வந்து இறங்கியதும் விருந்துக்கு அழைக்காதீர்கள். முதல் சில வாரங்கள் அந்த நால்வருக்கும் அம்மாவுக்கும் மட்டும் இருக்கட்டும்.