வேரோட பிடுங்கினதுக்கு ஹார்ட் வேற!

எங்கட ஆள் ஒருத்தர் போட்ட அந்த வீடியோவை எல்லாரும் பாத்திருப்பீங்கள். சந்தைக்குப் போய் வந்த மாதிரி பை நிறையக் காட்டு லீக்ஸ் (காட்டில தானாய் முளைக்கிற, உள்ளி மணக்கிற இலைச்செடி), கிழங்கும் வேரும் மண்ணுமாய். 'வேரோட பிடுங்காதேங்கோ' எண்டு கொமென்ட்டில ஒரு வரிதான் எழுதினன். உடன 'வெள்ளைக்கு வால் பிடிக்கிறவன்' எண்டு பட்டம்.

நல்லது. இது கனடாவில கியூபெக் மாகாணம். 1995இல இருந்து இங்க இதை விக்கிறது தடை. வீட்டுத் தேவைக்கு ஆளுக்கு வருசத்துக்கு 50 கிழங்கு, அதுவும் பூங்காக்களுக்கு வெளியில. பைக்குள்ள கிடந்தது 50 தானோ?

சட்டத்தை விடுங்கோ, செடியைப் பாருங்கோ. பனி கரைய, ஏப்ரலில மேப்பிள் காட்டுக்குள்ள இலை விடும். மேல மரங்கள் இலை மூடினால் வெயில் போச்சு, ஜூனுக்குள்ள இலை வாடிடும். அந்தச் சில கிழமைக்குள்ளதான் வருசம் முழுக்கத் தேவையான சாப்பாட்டைக் கிழங்கில சேர்க்க வேணும். விதை முளைக்கவே 6 மாதத்தில இருந்து 18 மாதம். பூக்க 5, 7 வருசம். கிழங்கை எடுத்தால் அந்தச் செடி முடிஞ்சுது. இலையைக் கிள்ளினால் இருக்கும். இவ்வளவுதான் நான் சொன்னது!

எனக்கு இதைக் காட்டினவர் என்னோட வேலை செய்த ஒரு வயசுபோன கியூபெக்காரர். கார் நிப்பாட்டின இடத்தை ஒருத்தருக்கும் சொல்லக்கூடாது எண்டு சத்தியம் வாங்காத குறை. ஒரு செடியில ஒரு இலை, மற்றதைத் தொட விடேல்லை. மனுசி அதைப் பருப்புக்குள்ள வெட்டிப் போட்டா. அடுத்த நாள் வேலையில ஒருத்தரும் எனக்குக் கிட்ட வரேல்லை, அப்பிடி ஒரு உள்ளி மணம்.

'வெள்ளையள்தானே பிடுங்கி வித்து அழிச்சவங்கள்?' ஓம், அதாலதான் சட்டமே வந்தது. அவங்கட பிழையை நாங்களும் செய்தால் சமத்துவமோ? 'ஒண்டாரியோவில விக்கிறாங்களே?' அது பக்கத்து மாகாணம், அங்க வேற சட்டம். 'பூர்வகுடிகள் எடுக்கேல்லையோ?' இது நல்ல கேள்வி. அமெரிக்காவில ஸ்மோக்கி மலைத் தேசியப் பூங்காவில 2004இல இதைப் பிடுங்கத் தடை போட்டவை. அங்கத்தைப் பூர்வகுடிகளான செரோக்கி மக்கள் வேர்ப்பக்கத்தை மண்ணுக்குள்ள விட்டு வெட்டுறவை, அந்தத் தடை தங்களுக்கு அநியாயம் எண்டினம். நான் அவையின்ர பக்கம். அவையின்ர பேரைச் சொல்லி நீங்கள் மண்வெட்டியோட போகாதேங்கோ. அந்த மலையில ஆராய்ச்சி செய்தவை, பத்து வருசத்துக்கு ஒருக்கால், ஒரு இடத்தில இருக்கிற செடியில 10 வீதம் மட்டும் எடுத்தால்தான் தாங்கும் எண்டினம்.

வீடியோ போட்டவர் என்னை ப்ளொக் பண்ணிப்போட்டார். அவற்ற வீடு மாற சோபா தூக்கின ஆள் நான். அது கிடக்கட்டும். இடத்தையும் டாக் பண்ணியிருக்கிறார், கொமென்ட்டில சனிக்கிழமைக்குக் கார் சேர்க்கினம்! போறவைக்கு ஒண்டு: லில்லி ஒஃப் த வலி எண்ட பூச்செடியின்ர இலையும் பாக்க இப்பிடித்தான் இருக்கும், அது நஞ்சு. கசக்கி மணந்து பாருங்கோ. பை நிறையப் பிடுங்கின கையில எந்த இலையும் உள்ளிதான் மணக்கும், அதையும் நம்பாதேங்கோ.