டிஎல்எல் கோப்பை இறக்கி சிஸ்டம்32க்குள் போட்டால் சரியாகிவிடுமா?

மட்டக்களப்பு, கல்முனைப் பக்கத்து வட்ஸ்அப் குழுக்களில் ஒரு "வைத்தியம்" சுற்றுகிறது: 'எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லை' என்று கணினி சொன்னால், அந்த ஒரு கோப்பை ஏதாவது தளத்தில் இறக்கி விண்டோஸின் சிஸ்டம்32 கோப்புறைக்குள் போட்டு, டிஎல்எல்லை விண்டோஸில் பதிவு செய்யும் ரெக்எஸ்விஆர்32 கட்டளையை ஓட்டினால் போதுமாம்.

இது தவறு.

டிஎல்எல் என்பது பல மென்பொருள்கள் பொதுவாக எடுத்துப் பயன்படுத்தும் நிரல் தொகுப்பு. இந்தக் கோப்பு மைக்ரோசொப்ட்டின் விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் (மென்பொருள்கள் ஓடத் தேவையான பொதுக் கோப்புகள்) தொகுப்பைச் சேர்ந்தது. விசிரன்டைம்140 போன்ற கூட்டாளிக் கோப்புகள் இல்லாமல் தனியே வேலை செய்யாது. ஒன்றைப் போட்டால் அடுத்தது இல்லை என்று வரும்.

பெயர்க் குழப்பம் வேறு. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32க்குள் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64 என்ற கோப்புறையில். மாற்றிப் போட்டால் 0எக்ஸ்சி000007பி பிழைதான் மிச்சம். ரெக்எஸ்விஆர்32உம் உதவாது, பதிவு செய்வதற்கான நுழைவாயில் இந்தக் கோப்பில் கிடையாது. முகம் தெரியாத தளத்தின் டிஎல்எல், அதைத் திறக்கும் மென்பொருளின் முழு அதிகாரத்தோடும் ஓடும் என்பதையும் யோசியுங்கள்.

செய்யவேண்டியது: கையால் போட்ட கோப்பை அழியுங்கள். மைக்ரோசொப்ட் தளத்திலிருந்து புதிய ரீடிஸ்ட்ரிபியூட்டபிளை எடுங்கள். விஷுவல் சி++ 2015 முதலான பதிப்புகளுக்கு அது ஒன்றே பொது. 64 பிட் கணினியானாலும் எக்ஸ்86 (32 பிட்), எக்ஸ்64 (64 பிட்) இரண்டையும் நிறுவி, மறுதொடக்கம் செய்யுங்கள். ஏற்கெனவே நிறுவியிருந்தால் 'ரிப்பெயர்' அழுத்துங்கள். அப்போதும் பிழை வந்தால் அந்த மென்பொருளையே நீக்கி மீள நிறுவுங்கள்.