ஆற்றை மறித்து வளர்ந்த ஒயின்

ஒயினைப் பற்றி எழுதுகிறவர்கள் மண்ணின் மகிமையைப் பேசத் தொடங்கினாலே எனக்கு எரிச்சல் வந்துவிடும். சரளை நிலம், சுண்ணாம்புப் பாறை, அட்லாண்டிக் கடற்காற்று, தலைமுறை தலைமுறையாக வந்த கைப்பக்குவம். பிரான்சின் தென்மேற்கு மூலையில் இருக்கும் போர்தோவைப் பற்றிய எந்தச் சுற்றுலாக் கையேட்டைப் புரட்டினாலும் இதே பல்லவிதான். இதில் பொய் ஒன்றும் இல்லை. ஆனால் போர்தோவுக்கு மேலே, அந்த ஊர் வழியே ஓடும் ஆற்றோடு கலக்கும் உபநதிகளின் கரைகளில், நல்ல மண்ணும் நல்ல வெயிலும் வாய்த்த ஊர்கள் வரிசையாக இருந்தன. போர்தோவுக்கு முன்பே திராட்சை பயிரிட்ட ஊர்கள்கூட அவற்றில் உண்டு. அவற்றின் பெயர் ஏன் நம் காதில் விழவே இல்லை? நான் தேடிப் படித்தவரை, விடை இடைக்காலத்தின் வரிச் சட்டங்களில்தான் இருக்கிறது.

(குடியைப் போற்றும் பதிவு என்று நினைத்துக் கருத்துப் பெட்டியில் கம்பு சுழற்ற வருகிறவர்கள் கொஞ்சம் பொறுங்கள். இது சுங்கமும் துறைமுகமும் பற்றிய பதிவு.)

முதலில் ஆற்றைப் பார்த்துவிடுவோம். காரோன் நதி பிரெனே மலையிலிருந்து இறங்கி வடமேற்காக ஓடுகிறது. வழியில் காயாக் ஊரைத் தொட்டு வரும் தார்ன் நதியும், கஹோர் ஊரைச் சுற்றி வளைந்து வரும் லோத் நதியும் அதில் சேர்கின்றன. போர்தோவைத் தாண்டியதும் தோர்தோன் நதியும் சேர்ந்து, ஜிரோந்து என்ற அகன்ற கழிமுகமாகிக் கடலில் கலக்கிறது. அந்தக் காலத்தில் நிறைந்த ஒயின் பீப்பாயை மாட்டு வண்டியில் ஏற்றி நூறு மைல் கொண்டுபோனால், சரக்கின் விலையை வண்டிக் கூலியே விழுங்கிவிடும். படகுதான் ஒரே வழி. ஆகவே காயாக்காரனும் கஹோர்க்காரனும் தங்கள் ஒயினை வெளிநாட்டுக்கு விற்க வேண்டுமானால் போர்தோவின் படித்துறையைத் தாண்டித்தான் ஆக வேண்டும். தாண்ட விடுவதா வேண்டாமா என்று முடிவு செய்யும் இடத்தில் போர்தோ உட்கார்ந்திருந்தது.

வாங்குகிறவன் யார்? இங்கிலாந்து. அது எப்படி வாய்த்தது என்ற கதையை எல்லோரும் காதல் கதையாகச் சொல்வார்கள். போர்தோவை உள்ளடக்கிய அக்கித்தேன் நாட்டின் வாரிசான எலினோர் 1137-இல் பிரெஞ்சு இளவரசர் ஏழாம் லூயியைப் போர்தோ தேவாலயத்தில் மணந்தார். அந்த ஆண்டிலேயே லூயி அரசரானார். 1152 மார்ச்சில் அந்தத் திருமணம் செல்லாது என்று அறிவிக்கப்பட்டது. இரண்டே மாதத்தில், தன்னைவிடப் பத்து வயது போல இளையவரான ஹென்றி பிளான்டாஜெனெட்டை எலினோர் மணந்தார். 1154-இல் ஹென்றி இங்கிலாந்தின் அரசரானார். சீதனமாகப் போன அக்கித்தேன் அடுத்த முந்நூறு ஆண்டுகள் ஆங்கில முடியோடு ஒட்டிக்கொண்டது.

ஆனால் எலினோர் மணந்த மறுநாளே போர்தோவின் ஒயின் லண்டனில் பாயத் தொடங்கிவிட்டதுபோலச் சிலர் எழுதுவது தவறு. முதலில் பலனடைந்தது வடக்கே இருந்த லா ரோஷெல் துறைமுகம். இங்கிலாந்துக்குப் போன பிரெஞ்சு ஒயினில் பெரும் பகுதி அங்கிருந்துதான் போயிற்று. 1224-இல் பிரெஞ்சு அரசர் எட்டாம் லூயி லா ரோஷெலைப் பிடித்துக்கொண்டார். ஆங்கில அரசரின் கையில் மிஞ்சிய பெரிய ஒயின் துறைமுகம் போர்தோ ஒன்றுதான். அண்டை ஊரின் வீழ்ச்சி போர்தோவுக்கு வாழ்வாயிற்று. இதில் மண்ணுக்கு என்ன பங்கு என்று யாராவது சொன்னால் கேட்டுக்கொள்கிறேன்.

அரசருக்கும் போர்தோ தேவைப்பட்டது. எதிரி வாசலில் நிற்கும்போது ஊரார் கைவிட்டுவிட்டால் என்ன செய்வது? ஆகவே விசுவாசத்துக்கு விலையாகச் சலுகைகளை அள்ளி வழங்கினார்கள். இரண்டு சலுகைகள் முக்கியமானவை.

ஒன்று, போர்தோ நகரக் குடியுரிமை பெற்றவர்கள் தங்கள் சொந்தத் தோட்டத்து ஒயினை ஏற்றுமதி செய்தால் 'பெரும் சுங்கம்' எனப்பட்ட வரி கிடையாது. நகரத்தை ஆண்டவர்களே தோட்ட உரிமையாளர்கள் என்பதை நினைவில் வையுங்கள். சட்டம் கேட்டவரும் அவரே, அதைக் காத்தவரும் அவரே, அதனால் கொழுத்தவரும் அவரே.

இரண்டாவது சலுகைதான் உண்மையான சூட்சுமம். செந்த்-மக்கேர் என்ற ஊருக்கு மேலே விளைந்த ஒயின், அறுவடை முடிந்ததும் போர்தோவுக்குள் வரக் கூடாது. முதலில் இதற்கு வைத்த கெடு நவம்பர் 11, புனித மார்ட்டின் திருநாள். பிறகு அதையும் கிறிஸ்துமஸ் வரை தள்ளினார்கள். மேலோட்டமாகப் பார்த்தால் இது வெறும் காத்திருப்பு. அந்தக் காலத்து ஒயினின் இயல்பை அறிந்தால்தான் இதன் கொடுமை புரியும்.

இன்று பழைய ஒயினுக்கு மதிப்பு அதிகம். அன்று நேர்மாறு. தக்கையடைத்த கண்ணாடிச் சீசா கிடையாது. எல்லாம் மரப் பீப்பாய்தான். காற்றுப் பட்டு, அடுத்த கோடைக்குள் புளித்துக் காடியாகிவிடும். ஆகவே புது ஒயினுக்குத்தான் விலை. போன வருடத்துச் சரக்கைப் பாதி விலைக்குத் தள்ளினாலும் எடுக்க ஆளிருக்காது. ஆங்கிலக் கப்பல்கள் இலையுதிர் காலத்தில் கூட்டமாக வந்து, புது ஒயினை ஏற்றிக்கொண்டு, கிறிஸ்துமஸ் விருந்துகளுக்குள் லண்டனுக்கும் பிரிஸ்டலுக்கும் ஹல்லுக்கும் திரும்பிவிடும். நல்ல விலை கிடைப்பது இந்த முதல் பயணத்தில்தான். மேற்கே விளைந்தது போர்தோவின் சரக்கு, அது போய்விடும். கிழக்கே ஆற்றின் மேற்பகுதியில் விளைந்தது படகிலேயே காத்துக் கிடக்கும். வாசல் திறக்கும்போது கப்பல்கள் போயிருக்கும். மிஞ்சுவது வசந்த காலத்தின் இரண்டாம் கப்பல் கூட்டமும், அதற்குள் சரிந்துவிட்ட விலையும்.

இது போதாதென்று, மேல்நாட்டு ஒயினை, அதாவது ஆற்றின் மேற்பகுதியில் விளைந்த ஒயினை, வேறு அளவுப் பீப்பாயில்தான் அடைக்க வேண்டும் என்றும் விதி இருந்தது. துறையில் நிற்கும் கணக்கன் பார்த்த மாத்திரத்தில் எது உள்ளூர், எது வெளியூர் என்று சொல்லிவிடலாம். என்ன நுணுக்கம் பாருங்கள்!

இத்தனைக்குப் பிறகும் மேல்நாட்டு ஒயின் விற்றது என்பதுதான் என் வாதத்துக்கு வலு. 14-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் போர்தோவிலிருந்து வெளியேறிய ஒயின், உச்ச ஆண்டுகளில் ஏறக்குறைய 1 லட்சம் பெரும்பீப்பாய். ஒரு பெரும்பீப்பாய் சுமார் 900 லிட்டர். அதில் பெரும் பங்கு ஆற்றின் மேற்பகுதியிலிருந்து வந்தது. பின்தங்கி நின்றும், கூடுதல் வரி கட்டியும், வாங்க ஆளிருந்தது என்றால் சரக்கு மட்டமானதாக இருந்திருக்க முடியுமா? இரண்டாம் எட்வர்டின் திருமணத்துக்கு மட்டும் 1,000 பெரும்பீப்பாய் வரவழைத்தார்களாம். கிட்டத்தட்ட 9 லட்சம் லிட்டர். கப்பலின் கொள்ளளவையே அதில் எத்தனை ஒயின் பீப்பாய் ஏறும் என்று அளக்கும் வழக்கம் இந்த வணிகத்தில்தான் ஊன்றியது.

போர்தோவைச் சுற்றி எங்கு பார்த்தாலும் திராட்சை. தானியம் விளைந்த வயல்களிலும் கொடி ஏறியது. ரொட்டிக்கு வேண்டிய கோதுமையும், உடுத்தத் துணியும், உப்பிட்ட மீனும் இங்கிலாந்திலிருந்து திரும்பும் கப்பல்களில் வந்தன. போர்தோவில் 'க்ரோஸ் க்ளோஷ்' என்ற பழைய மணிக்கூண்டு இன்றும் நிற்கிறது. திராட்சை அறுவடை தொடங்கலாம் என்று ஊருக்கு அறிவித்தது அந்த மணிதான். ஊரின் மொத்த உயிரும் ஒரே பயிரில், ஒரே வாடிக்கையாளரின் தயவில் தொங்கியது.

அதனால்தான் இங்கிலாந்தும் பிரான்சும் மோதிய நூறாண்டுப் போரின் முடிவைப் 'போர்தோவின் விடுதலை' என்று எழுதுவதைப் படித்தால் எனக்குச் சிரிப்பு வருகிறது. 1451-இல் பிரெஞ்சுப் படை நகரத்தைப் பிடித்தது. ஊரார் மகிழ்ந்து கொண்டாடினார்களா? புதிய வரிகளைப் பார்த்து மிரண்டு, லண்டனுக்குத் தூதனுப்பி, 'வந்து எங்களை மீட்டுக்கொள்ளுங்கள்' என்று கெஞ்சினார்கள். 1452 அக்டோபரில் முதிய ஆங்கிலத் தளபதி ஜான் டால்பட் படையோடு வந்து இறங்கினார். போர்தோ கதவைத் திறந்துவிட்டது. 1453 ஜூலை 17 அன்று தோர்தோன் கரையில் காஸ்தியோன் என்ற இடத்தில் பிரெஞ்சுத் தரப்பின் ஜான் பூரோவின் பீரங்கிகள் டால்பட்டின் படையைச் சிதறடித்தன. டால்பட்டும் அங்கேயே மாண்டார். அக்டோபரில் போர்தோ சரணடைந்தது. அரசர் ஏழாம் சார்ல்ஸ் அபராதம் விதித்தார். முக்கியஸ்தர்களை நாடு கடத்தினார். ஷாத்தோ த்ரோம்பெத், ஹா என்று இரண்டு கோட்டைகளைக் கட்டினார். வெளியிலிருந்து வரும் எதிரிக்காக மட்டும் அவை கட்டப்படவில்லை. பீரங்கி ஊரைப் பார்த்தும் நின்றது. விடுதலை பெற்ற ஊரை இப்படியா காவல் காப்பார்கள்?

அடுத்த அரசர் பதினோராம் லூயி கெட்டிக்காரர். ஒயின் விற்காத போர்தோவால் கருவூலத்துக்குப் பயனில்லை என்று கண்டு, பழைய சலுகைகளில் பலவற்றைத் திருப்பிக் கொடுத்தார். 1475-இல் இங்கிலாந்தோடு செய்த பிக்கிஞி உடன்படிக்கையால் வணிகப் பாதையும் சீரானது. ஆட்சிக் கொடி மாறியது, அரசர் மாறினார். மேல்நாட்டு ஒயினுக்குப் போட்ட பூட்டு மட்டும் அப்படியே இருந்தது.

இன்று கோடிக்கணக்கில் விலைபோகும் ஷாத்தோக்கள் எனப்படும் ஒயின் தோட்டங்களின் பழம்பெருமை தனிக்கதை. அவற்றில் பெரும்பாலானவை இருக்கும் மெதோக் பகுதி, இடைக்காலத்தில் பெரும்பாலும் சதுப்பு. 17-ஆம் நூற்றாண்டில் டச்சுப் பொறியாளர்கள் வந்து வாய்க்கால் வெட்டி நீரை வடித்த பிறகுதான் அங்கே பெரிய அளவில் திராட்சை ஏறியது. மனிதன் செய்த மண் அது. ஷாத்தோ டால்பட் என்று ஒரு புகழ்பெற்ற தோட்டம் இருக்கிறது. காஸ்தியோனில் மாண்ட தளபதியின் பெயர்தான். அவருக்கு அந்தத் தோட்டம் சொந்தமாக இருந்தது என்பதற்கு உறுதியான சான்று கிடையாது. அதனால் என்ன, பெயர் நன்றாக விற்கிறது! இன்றும் வேதம்போல ஓதப்படும் 1855-ஆம் ஆண்டின் தரவரிசை இருக்கிறதே, பாரிஸ் கண்காட்சிக்காகத் தரகர்கள் தயாரித்தது. அவர்கள் மண்ணைச் சோதிக்கவில்லை. எந்தத் தோட்டத்து ஒயின் எவ்வளவு காலமாக என்ன விலைக்குப் போகிறது என்று பார்த்து வரிசைப்படுத்தினார்கள். அந்த வரிசையின் சிவப்பு ஒயின்களில் ஓ-ப்ரியோன் ஒன்றைத் தவிர மற்ற அனைத்தும் மெதோக்தான். இடைக்காலப் பெருமைக்கு உண்மையான உரிமை உள்ள செந்த்-எமிலியோன் அதில் இல்லவே இல்லை. 1199-இல் ஜான் அரசரிடம் சாசனம் பெற்று ஜுராக்கள் என்ற ஊர்ச்சபையால் தன்னைத்தானே ஆண்ட ஊர் அது. பாறையைக் குடைந்து தேவாலயம் செய்த ஊர்.

பிரான்சின் இன்னொரு ஒயின் பூமியான பர்கண்டியில் கதை வேறு என்று சிலர் சொல்வார்கள். அங்கே துறவிகள் நிலத்தைத் துண்டு துண்டாக ஆராய்ந்து பயிரிட்டார்கள் என்பது சரிதான். ஆனால் கமே என்ற திராட்சையை ஒழிக்கும்படி கோமகன் பிலிப் 1395-இல் ஆணையிட்டதும் அங்கேதான். அரசாணை தொடாத ஒயின் பூமியை இனிமேல்தான் நான் பார்க்க வேண்டும்.

மண் ஒன்றுமே இல்லை என்று நான் சொல்லவில்லை. சரளை நிலம் நீரை வடிக்கும், வேர் ஆழம் போகும், பழம் நன்றாகக் கனியும். கிடைத்த பணத்தைப் போர்தோக்காரர்கள் வீணாக்காமல் தோட்டத்திலும் நிலவறையிலும் போட்டார்கள் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் ஐந்நூறு ஆண்டுகள் போட்டியாளனை வாசலில் நிறுத்தி வைத்துவிட்டு, வெற்றிக்குக் காரணம் என் காலடி மண் என்று சொல்வது கொஞ்சம் கூச்சப்பட வேண்டிய பேச்சு.

அந்தப் பூட்டைத் திறக்க முயன்றவர் பதினாறாம் லூயியின் நிதியமைச்சர் துர்கோ. 1776 ஏப்ரலில், ஒயின் நாடு முழுதும் தடையின்றிப் போகலாம் என்று அரசாணை கொண்டுவந்தார். மே மாதம் அவர் பதவியே போய்விட்டது. அதற்கு வேறு பல காரணங்களும் உண்டு. சலுகைகள் முழுமையாக ஒழிந்தது பிரெஞ்சுப் புரட்சியோடுதான்.

கஹோருக்கு அது காலம் கடந்த நீதி. அந்த ஊரின் ஒயின் அடர்நிறத்தால் 'கறுப்பு ஒயின்' என்று பெயர் பெற்றது. 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஃபிலாக்செரா என்ற வேர்ப்பூச்சி தோட்டங்களை அழித்தது. தப்பியதை 1956-இன் கடும் உறைபனி கருக்கியது. மீண்டும் நட்டு, பிரான்சின் பிறப்பிடப் பெயர் அங்கீகாரத்தைக் கஹோர் பெற்றது 1971-இல்.

அதற்குள் அதன் திராட்சை கடல் கடந்து போயிருந்தது. மிஷேல் எமே பூஜே என்ற பிரெஞ்சு வேளாண் அறிஞர் 1853-இல் அர்ஜென்டினாவின் மெண்டோசாவுக்குக் கொண்டுபோன கொடிகளில் மால்பெக்கும் இருந்தது. கஹோரின் பிரதான வகை அதுதான். ஆண்டிஸ் மலையடிவாரத்தில், முற்றிலும் வேறு மண்ணில், வேறு உயரத்தில், அது செழித்து உலகின் மிகப் பெரிய மால்பெக் நாடாக அர்ஜென்டினாவை ஆக்கிவிட்டது. இன்று கடையில் மால்பெக் கேட்டால் அர்ஜென்டினா சீசாவைத்தான் முதலில் எடுத்துத் தருவார்கள். கஹோர்க்காரர்களும் இப்போது தங்கள் சீசாக்களில் மால்பெக் என்று பெரிய எழுத்தில் அச்சிடுகிறார்கள், அர்ஜென்டினா சம்பாதித்துக் கொடுத்த பெயரை நம்பி.