மிட்டாய் வாங்கியதும் கிளம்பிவிடாதீர்கள், பதினோரு மணிக்குக் கூட்டம் இருக்கிறது

ஆகஸ்ட் 14 ராத்திரியே வாட்ஸப்பில் வாழ்த்து ஃபார்வர்டு ஆரம்பித்துவிடும். மூவர்ணத்தில் ஒரு புறா, பின்னால் செங்கோட்டை, கீழே காந்தியோ நேதாஜியோ ஜென்மத்தில் சொல்லியிருக்காத ஒரு வாசகம். குடும்பக் குழுவில் பெரியப்பா போட்டதையே பள்ளிக்கூட நண்பர்கள் குழுவில் இன்னொருவன் போடுவான், அபார்ட்மென்ட் குழுவில் செக்ரட்டரி போடுவார். எனக்கு அதில் பெரிய கோபமெல்லாம் இல்லை, நல்ல நாளில் நாலு பேருக்கு வாழ்த்து சொல்வதில் என்ன தப்பு. ஆனால் ஒவ்வொரு வருஷமும் யாராவது ஒருத்தர் "ஸ்கூல் விழாவுல பேசணும்டா, சுதந்திரத்தப் பத்தி உணர்ச்சியா நாலு வரி எழுதிக் குடு" என்று கேட்பார்கள். அவர்களுக்கு நான் சொல்வது ஒன்றுதான். உணர்ச்சியான வரி வேண்டுமென்றால் அன்றைக்கு உங்கள் ஊர் கிராம சபைக்குப் போய் ஒரு மணி நேரம் உட்காருங்கள். அங்கே கிடைக்கிற வசனம் எந்தப் பேச்சாளனுக்கும் வராது.

தமிழ்நாட்டில் பன்னிரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட கிராம ஊராட்சிகள் இருக்கின்றன. வழக்கமாக ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 என்று நான்கு நாள் சபை கூடும், 2022இல் மார்ச் 22, நவம்பர் 1 என்று இன்னும் இரண்டைச் சேர்த்தார்கள். ஊர் வாக்காளர் பட்டியலில் பேர் உள்ள எல்லாருமே இதில் உறுப்பினர். எம்.எல்.ஏ. சட்டசபையில் பேசுகிற மாதிரி நீங்கள் இங்கே பேசலாம், அதற்கு நீங்கள் ஜெயித்து வர வேண்டியதில்லை. 1993இல் அமலுக்கு வந்த 73ஆவது அரசியல் சட்டத் திருத்தம் தந்த உரிமை இது. கூட்டத்தைக் கோயில், சர்ச், மசூதி வளாகத்தில் நடத்தக் கூடாது என்று உத்தரவிலேயே இருக்கும். ஏன் என்று விளக்கத் தேவையில்லை. கோயில் வாசலுக்கு எல்லாராலும் வர முடிகிற ஊராக எல்லா ஊரும் இல்லை.

நிஜத்தில் எப்படி நடக்கும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். காலையில் கொடியேற்றி மிட்டாய் கொடுத்ததும் பாதிக் கூட்டம் கலைந்துவிடும். ஷாமியானாவுக்குக் கீழே பிளாஸ்டிக் நாற்காலி, பக்கத்தில் வரவு செலவு அச்சடித்த ஃபிளக்ஸ், வெயிலில் எழுத்தே தெரியாது. ஊராட்சிச் செயலர் தீர்மான நோட்டை வைத்துக்கொண்டு ரயிலைப் பிடிக்கிற வேகத்தில் வாசிப்பார். கூட்டத்தைக் கவனிக்க ஊராட்சி ஒன்றியத்திலிருந்து வந்திருக்கிற அதிகாரி, அதாவது பற்றாளர், மணியைப் பார்த்துக்கொண்டே இருப்பார். 500 பேர் வரை உள்ள ஊராட்சி என்றால் 50 பேர், 3,000 வரை 100 பேர், பத்தாயிரம் வரை 200, அதற்கு மேலே 300 பேர் வந்திருக்க வேண்டும் என்பது விதி. ஆள் சேரவில்லை என்றால் நூறு நாள் வேலை நடந்த இடத்துக்கே நோட்டைக் கொண்டுபோய்க் கையெழுத்து வாங்கி வந்த ஊர்களும் உண்டு. சபை கூடியதாகக் கணக்காகிவிடும்.

அப்படி ஒரு கூட்டத்தில்தான் எங்கள் பக்கத்தில் ஒரு அம்மா எழுந்தார். எழுபது வயது இருக்கும். செயலர் ஆழ்குழாய்க் கிணறு செலவை வாசித்துவிட்டு அடுத்த பொருளுக்குத் தாவப் பார்த்தார். "ஏம்ப்பா, நில்லு. அந்தப் போர்ல ஒரு குடம் தண்ணி வரலியே, காசு மட்டும் எப்படிப்பா போச்சு?" என்றார். பற்றாளர் பொறுமையாக, "மனுவா எழுதிக் குடுங்கம்மா, பார்க்கலாம்" என்றார். "எழுதத் தெரிஞ்சா நான் ஏன்யா இங்க வந்து கத்தறேன்? நீ எழுதிக்க, நான் சொல்றேன்." கூட்டம் சிரித்தது, அப்புறம் சிரிப்பு அடங்கி நாலு பெண்கள் சேர்ந்து எழுந்துகொண்டார்கள், கடைசியில் செயலர் எழுதிக்கொண்டார், அந்த அம்மா கைநாட்டு வைத்தார். தண்ணீர் வந்ததா என்று கேட்பீர்கள். மோட்டாரை மாற்றினார்கள், கோடையில் திரும்பவும் மக்கர்தான். ஆனால் அதற்கப்புறம் அந்த ஊரில் செலவுக் கணக்கை அவ்வளவு வேகமாக யாரும் வாசித்ததில்லை.

கொடி விஷயத்துக்கு வருகிறேன். 1973 வரைக்கும் சென்னை கோட்டையில் சுதந்திர தினத்தன்று கொடியேற்றியவர் கவர்னர். மக்கள் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்த முதலமைச்சர் ஓரமாக நிற்க வேண்டியதுதான். டெல்லியில் பிரதமர் ஏற்றுகிறார், மாநிலத்தில் முதல்வர் ஏற்றினால் என்ன என்று கருணாநிதி கேட்டார், இந்திரா காந்தி ஒத்துக்கொண்டார், 1974இலிருந்து நாடு முழுக்க முதல்வர்கள் ஏற்றுகிறார்கள். நம் ஊர்க்காரர் வாங்கிக் கொடுத்த உரிமை என்று நாம் மார்தட்டிக்கொள்வது நியாயம்தான். நானும் தட்டுவேன்.

அதே தமிழ்நாட்டில் 2020 ஆகஸ்ட் 15 அன்று திருவள்ளூர் மாவட்டம் ஆத்துப்பாக்கத்தில் ஊராட்சித் தலைவர் அமிர்தம் கொடியேற்ற முடியவில்லை. அவர் தலித் என்பதுதான் காரணம். விஷயம் வெளியே வந்து, வழக்குப் போட்டு, ஆட்களைக் கைது செய்து, ஆகஸ்ட் 20 அன்று கலெக்டரும் எஸ்.பி.யும் பக்கத்தில் வந்து நின்ற பிறகுதான் அவர் கயிற்றை இழுத்தார். 2022இல் அப்போதைய தலைமைச் செயலாளர் இறையன்பு, பட்டியலினத் தலைவர்கள் எந்தப் பாகுபாடும் இல்லாமல் கொடியேற்றுவதை உறுதி செய்யுங்கள் என்று கலெக்டர்களுக்குக் கடிதம் எழுத வேண்டியிருந்தது. மதுரை மாவட்டத்தின் பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலத்தில் தலைவர் பதவி பட்டியலினத்தவருக்குத் தனி என்று ஒதுக்கப்பட்ட ஒரே காரணத்துக்காக 1996இலிருந்து பத்து வருஷம் ஒழுங்காகத் தேர்தல் நடத்த விடவில்லை, 2006இல்தான் நடந்தது. 'நாம் எல்லாரும் ஒன்று' என்று ஃபார்வர்டு போடுகிறவர்களிடம் எனக்கு ஒரு கேள்வி உண்டு. உங்கள் ஊராட்சியில் தலைவர் என்று ஒருவர் இருந்தால், அலுவலகத்தில் அந்த நாற்காலியில் அவர்தான் உட்காருகிறாரா? பெண் தலைவர் என்றால் அவர் வீட்டுக்காரர் உட்காருகிறாரா? சும்மா ஒரு எட்டு எட்டிப் பாருங்கள்.

தீர்மானம் போட்டு என்ன கிழிந்தது என்று கேட்பவர்களுக்கு மதுரை மாவட்டத்து அரிட்டாபட்டியைக் காட்டுவேன். மேலூர் பக்கம் டங்ஸ்டன் சுரங்கத்துக்கு ஏலம் விட்டார்கள். 2024 நவம்பர் 23 கிராம சபையில் அரிட்டாபட்டியும் சுற்று வட்டார ஊராட்சிகளும் வேண்டாம் என்று தீர்மானம் போட்டன. டிசம்பரில் சட்டசபை தீர்மானம் போட்டது, ஜனவரியில் மக்கள் மதுரைக்குப் பேரணியாகக் கிளம்பினார்கள், 2025 ஜனவரி 23 அன்று ஒன்றிய அரசு ஏலத்தை ரத்து செய்தது. தீர்மானம் மட்டுமே சாதித்தது என்று சொல்ல மாட்டேன், ஆனால் சண்டைக்கு முதல் காகிதம் அதுதான். மறுபக்கம் காஞ்சிபுரம் மாவட்டத்து ஏகனாபுரம் இருக்கிறது. பரந்தூர் விமான நிலையம் வேண்டாம் என்று 2022இலிருந்து சபைக்குச் சபை தீர்மானம் போட்டும் திட்டம் கைவிடப்படவில்லை. ஆகவே கிராம சபை மந்திரக்கோல் ஒன்றும் இல்லை. அரசாங்கம் காதில் போட்டுக்கொள்ளாமலே இருக்க முடியும், இருக்கிறது.

இன்னொரு கூத்தும் நடக்கிறது. 2025 ஜனவரி 5ஆம் தேதியோடு 28 மாவட்டங்களில் ஊராட்சித் தலைவர்களின் பதவிக்காலம் முடிந்தது. தேர்தல் வராமல், அரசு நியமித்த தனி அலுவலர் கையில் ஊராட்சிகள் போயின. 2016 கடைசியிலிருந்து 2019 கடைசி வரைக்கும் இதே கதைதான் ஓடியது. எந்தக் கட்சி ஆண்டாலும் உள்ளாட்சித் தேர்தல் என்றால் ஏனோ அவசரமே வருவதில்லை. இதற்கு யாரும் வாட்ஸப்பில் கண்ணீர் விட்டு நான் பார்த்ததில்லை.

"நான் சென்னையில இருக்கேன், எனக்கு ஏது கிராம சபை" என்பவர்களுக்கு, வார்டுகளில் பகுதி சபை என்று ஒன்று 2022இலிருந்து இருக்கிறது, கவுன்சிலரிடம் எப்போது என்று கேளுங்கள். கேட்டால் அவருக்கே கொஞ்சம் ஆச்சரியமாக இருக்கலாம். ஓட்டு ஊரில் இருப்பவர்கள் லீவுக்குப் போனால் கறி விருந்துக்கு முன்னால் சபைக்குப் போய்விட்டு வாருங்கள். நல்ல ஃபோன் வைத்திருப்பீர்கள், அந்த ஃபிளக்ஸை முதலில் படம் எடுங்கள். உங்கள் தெருவுக்கு என்ன செலவு எழுதியிருக்கிறார்கள் என்று பாருங்கள், தெருவில் அது இருக்கிறதா என்று நடந்து பாருங்கள். தீர்மானத்தை வாசித்து முடிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். நகல் கேட்டால் அப்புறம் வாங்க என்பார்கள். மறுநாள் தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு எழுதி, பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்பிவிடுங்கள். 30 நாளில் பதில் தந்தாக வேண்டும்.