பாட்டு எழுதினவர் பேரையும் மைக்கில் சொல்லுங்கள்

தருமபுரி பக்கம் திரௌபதி அம்மன் கோயிலில் பாரதக் கதைத் திருவிழா வைத்தால் பகலில் பிரசங்கம், ராத்திரி கூத்து. ஆட்டம் சூடு பிடிக்கும்போது மிருதங்கத்தை நிறுத்தச் சொல்லிவிட்டு மைக்கைப் பிடிப்பார்கள். இன்னார் மகன் இன்னார் 101 ரூபாய், இன்னார் 501 ரூபாய். அதில் தப்பில்லை, கொடுத்தவர் பேரைச் சொல்லத்தான் வேண்டும். ஆனால் விடிய விடியப் பாடுகிற பாட்டையெல்லாம் எழுதினது யார் என்று ஒரு தடவைகூட மைக்கில் வருவதில்லை. ரொம்ப நாளாக என் மனதை அறுக்கிற விஷயம் இது.

மேடை நாடகங்களும் பாட்டுகளும் எழுதிய சங்கரதாஸ் சுவாமிகளைப் பற்றிப் படிக்கப் படிக்க அந்த வருத்தம் கூடிக்கொண்டே போகிறது. 1867-ல் தூத்துக்குடிச் சீமையில் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்தவர். பழனி தண்டபாணி சுவாமிகளிடம் தமிழ் படித்தார். உப்புப் பண்டகசாலையில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தவர், 24 வயதில் அதை விட்டுவிட்டு நாடகத்துக்கு வந்துவிட்டார். இரணியன், எமன், சனீஸ்வரன் என்று ஊரையே நடுங்க வைத்த வேடங்கள். அப்புறம் அரிதாரத்தைக் கழுவிவிட்டு, முழுக்க வாத்தியாராகவும் பாட்டு எழுதுகிறவராகவும் ஆனார்.

புதுக்கோட்டையில் கஞ்சிரா மேதை மான்பூண்டியா பிள்ளை இவரைத் தன் பிள்ளை போலவே வைத்திருந்து தாள நுட்பங்களைச் சொல்லிக்கொடுத்தார். சுவாமிகள் பாட்டில் சொல் ஒரு பக்கம், தாளம் ஒரு பக்கம் என்று இழுக்காததற்கு அந்தப் பயிற்சிதான் காரணம் என்பது என் எண்ணம். தமிழ்ப் படிப்பும் லயமும் ஒரே ஆளிடம் சேர்ந்திருந்தன. வசனத்துக்கு நடுவே திருக்குறள் வரும், விருத்தம் வரும், படிக்காதவருக்கும் அது புரியும்.

மதுரை, புதுக்கோட்டைப் பக்கம் ஸ்பெஷல் நாடகம் பார்த்தவர்களுக்குத் தெரியும். முருகன் ஓர் ஊர், வள்ளி ஓர் ஊர், ஆர்மோனியக்காரர் வேறோர் ஊர். ஒத்திகையே கிடையாது. ராத்திரி மேடையில் சந்தித்து, விடியும் வரை சுவாமிகள் எழுதிய வள்ளி திருமணத்தை நடத்திவிடுவார்கள். எல்லாரும் ஒரே பாட்டை, ஒரே வரிசையில் மனப்பாடம் செய்திருப்பதால்தான் இது நடக்கிறது. முன்பின் தெரியாத நாலு பேர் சேர்ந்து ஆடும்படி நாடகம் கட்டுவது லேசான காரியமா? ‘காயாத கானகத்தே’ என்றால் நமக்கு டி.ஆர்.மகாலிங்கம் ஞாபகத்துக்கு வருகிறார், வரட்டும். ஆனால் அது சினிமாவுக்கு வரும் முன்பே மேடையில் ஊர் ஊராகப் பாடப்பட்ட சுவாமிகளின் பாட்டு.

1918-ல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பாலசபை என்ற சிறுவர் நாடகக் கம்பெனியைத் தொடங்கினார். பின்னாளில் நாடகத்தில் பேர் வாங்கிய டி.கே.எஸ். சகோதரர்கள் சின்னப் பிள்ளைகளாக அதில் சேர்ந்தவர்கள்தான். ‘அபிமன்யு சுந்தரி’யைப் பாட்டும் வசனமுமாக ஒரே ராத்திரியில் எழுதி முடித்தார் என்று அந்தச் சகோதரர்களில் ஒருவரான டி.கே.சண்முகம் சொல்லியிருக்கிறார். பக்கவாதம் வந்து பேச்சும் கைகாலும் விழுந்த பிறகும் கம்பெனியோடுதான் இருந்தார். 1922 நவம்பர் 13-ல் புதுச்சேரியில் காலமானார்.

அப்படிப்பட்டவர் எழுதியதிலேயே பல நாடகங்கள் இன்று கிடைப்பதில்லை. அவருக்கே இந்தக் கதி என்றால், பென்னாகரம், பாலக்கோடு, ஊத்தங்கரைப் பக்கம் கூத்து சொல்லிக்கொடுக்கிற நம் வாத்தியார்கள் எழுதினதெல்லாம் என்ன ஆகும்? அட்டை கிழிந்த நீளக் கணக்கு நோட்டு, ஓரமெல்லாம் எண்ணெய்க் கறை, பாட்டுக்கு மேலே ராகத்தின் பேர், பக்கத்தில் ‘விருத்தம்’, ‘தரு’ என்று பாட்டு வகையைச் சொல்லும் பென்சில் குறிப்பு. அப்படி ஒரு நோட்டை நான் புரட்டிப் பார்த்திருக்கிறேன். ஒரு பக்கத்திலும் எழுதினவர் பேர் இல்லை. அவர் போன பிறகு வீட்டில் இருப்பவர்கள் பழைய பேப்பரோடு சேர்த்து எடைக்குப் போட்டுவிட்டால் யாரைக் குறை சொல்வது?

கோயில் கமிட்டிக்காரர்களிடம் உரிமையோடு கேட்கிறேன். கூத்தைத் தொடங்கி வைக்கிற கோமாளியான கட்டியங்காரன் உள்ளே வருவதற்கு முன் ஒரு நிமிடம் மைக்கைக் கொடுங்கள். இன்றைக்கு ஆடப்போகிற நாடகம் யார் எழுதியது, பாட்டு யார் கட்டியது என்று வாத்தியாரே சொல்லட்டும். நோட்டீஸில் நன்கொடையாளர் பட்டியலுக்கு மேலே அந்தப் பேருக்கு ஒரு வரி விடுங்கள். அப்புறம் ஊரில் செல்போன் வைத்திருக்கிற பிள்ளைகள், வாத்தியாரிடம் அனுமதி கேட்டு அந்த நோட்டைப் பக்கம் பக்கமாகப் படம் எடுத்து வையுங்கள். முதல் பக்கத்தில் அவர் பேரையும் ஊரையும் அவர் கையாலேயே எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.